சுட்டுராதீக

3 பிப்ரவரி 2025, திங்கள்

ஜெராக்ஸ் மிஷின் மறுபடியும் பேப்பரைத் தின்றுவிட்டது. யாருடைய பட்டாவோ, பாதி உள்ளே பாதி வெளியே. குனிந்து இழுத்துக்கொண்டிருந்தபோதுதான் அந்தப் பெண் வந்தாள். பெயர் சௌபர்ணிகா. சினிமாவில் உதவி இயக்குநராம், சென்னைக்காரி. கையில் நூறு பக்கம். ஆறு நகல் வேண்டும் என்றாள்.

எடுக்க எடுக்க ஒரு பக்கத்தை வாசித்துவிட்டேன். 'ஆறு பேரும் ஓடுகிறார்கள். அவர் சிரிக்கிறார்.' யார் ஓடுவது, அவர் எதற்குச் சிரிக்கிறார் என்று கேட்டேன். கேட்காமலே இருந்திருக்கலாம்.

கதை இதுதான். மிருகங்களைச் சுட்டுச் சலித்துப்போன ஒரு பெரும் பணக்காரன், மனிதர்களை வீட்டுக்கு அழைத்து விருந்து வைக்கிறான். மறுநாள் காட்டில் ஓடவிட்டு வேட்டையாடுகிறான். தொண்ணூறு வருடத்துக்கு முந்திய இங்கிலீஷ் படம் ஒன்றைப் பார்த்து டைரக்டருக்குத் தோன்றியதாம். அதில் தீவு. இதில் கோட்டையூரில் ஒரு பெரிய வீடும் அமராவதிபுதூர்ப் பக்கத்துக் கருவேலங்காடும். ஓடத் தெரிந்த உள்ளூர் ஆட்கள் ஆறு பேர் தேவை என்றாள்.

கல்லாவில் இருந்த மச்சான் சும்மா இருக்கக் கூடாதா? கட்டின பெண்டாட்டியை விற்கிற மாதிரி, "இவளைக் கூட்டிட்டுப் போங்க. பி.டி. டீச்சரா இருந்தவ. கோ-கோவில ஸ்டேட் ப்ளேயர். என்னையவே இருபது வருசமா ஓடவிட்டுக்கிட்டு இருக்கா" என்றார்.

அந்தப் பெண் என்னை மேலும் கீழும் பார்த்தாள். நாற்பத்து மூன்று வயது, கால் நரம்பு சுருட்டிக்கிடக்கிறது. ஆனாலும் சரி என்று சொல்லிவிட்டேன். ஓடி இரண்டு வருடமாகிறது.

5 பிப்ரவரி

அந்தப் பழைய படத்தை மச்சானும் நானும் போனில் பார்த்தோம். கறுப்பு வெள்ளை. ஒரு மணி நேரத்துக்குக் கொஞ்சம்தான் கூட. மச்சான் பாதியில் தூங்கிவிட்டார். எனக்குத் தூக்கம் வரவில்லை, எரிச்சல்தான் வந்தது.

வேட்டைக்காரன் கெட்டவன் என்பதால் இல்லை. அவனுடைய மரியாதைதான் எரிச்சல். நல்ல சாப்பாடு போடுகிறான், பியானோ வாசிக்கிறான், விடியும் வரை நேரம் தருகிறேன் என்கிறான். தப்பித்தால் விடுதலையாம். விதி அவனுடையது, காடு அவனுடையது, துப்பாக்கியும் நாயும் அவனுடையது. இதற்கு விளையாட்டு என்று பேர் வேறு.

எங்கள் ஆட்டத்தில் ஒன்பது நிமிடம் ஆனால் விசில் அடிப்பார்கள். அதுவரை ஓடியவர்கள் விரட்ட வேண்டும், விரட்டியவர்கள் ஓட வேண்டும். பக்கம் மாறாத ஆட்டத்தை நான் ஆட்டம் என்றே ஒத்துக்கொள்ள மாட்டேன்.

10 பிப்ரவரி

முதல் நாள். ஏழு மணிக்குக் காட்டில் நிறுத்தினார்கள், பதினொன்றுக்குத்தான் ஓடச் சொன்னார்கள். என் பாத்திரத்தின் பெயர் பொன்னழகு. காட்டு வேலை செய்கிறவள். வெயிலில் வேலை செய்கிறவள் தலையில் துண்டு கட்டாமலா இருப்பாள் என்று கேட்டேன், உடனே ஒத்துக்கொண்டார்கள். எனக்கும் முக்காடு போட்ட மாதிரி ஆயிற்று.

வேட்டைக்காரராக நடிப்பவர் சத்தியமூர்த்தி. நாற்பது வருடமாக வில்லன். நிஜத்தில் எறும்பைக்கூட ஊதித்தான் விடுவார் போல. தன் நாற்காலியை எங்கள் பக்கம் இழுத்துப் போட்டுக்கொண்டு, எங்களோடேயே சாப்பிட்டார்.

ஆறு பேரில் செம்மலையண்ணன் இருக்கிறார், தென்னை ஏறுகிறவர். அவர் சாகிற காட்சி இருபதாம் தேதி. வீட்டில் இப்போதே செத்துப் பழகுகிறாராம். நேற்றுச் சாப்பாட்டு நேரத்தில் செத்ததில் சாம்பார்ச் சட்டி கவிழ்ந்து அவர் சம்சாரம் அடித்தே விட்டாராம்.

டைரக்டர் அக்ஷய் சின்னப் பையன்தான், முப்பது இருக்கும். நான் ஓடியதைப் பார்த்து, கொஞ்சம் மெதுவா ஓடுங்க டீச்சர், கேமரா பிடிக்க முடியல என்றார். ராத்திரி முட்டியில் தைலம் தேய்க்கும்போது அதை நினைத்து நினைத்துச் சிரித்தேன்.

12 பிப்ரவரி

இன்று மரத்தடியில் சௌபர்ணிகா வசனத்தாளோடு வந்தாள். நான் சாகிற காட்சியில் ஒரே ஒரு வரி. பேப்பரில், 'ஐயா என்னைச் சுட்டுவிடாதீர்கள்' என்று இருந்தது. இந்த ஊரில் இதை எப்படிச் சொல்வார்கள் என்று கேட்டாள்.

யோசிக்கவே இல்லை. "ஐயா, சுட்டுராதீக" என்றேன்.

அவளுக்குப் புல்லரித்துவிட்டது. அக்ஷயைக் கூப்பிட்டு என்னைத் திரும்பச் சொல்லச் சொன்னாள். அவர் கண்ணை மூடிக் கேட்டார். அந்த 'ஈக' பாட்டு மாதிரி இருக்கிறது, இதைக் கேட்டுத் தியேட்டரே அழும் என்றார். எனக்கும் பெருமையாகத்தான் இருந்தது. பொய் சொல்லக் கூடாது.

13 பிப்ரவரி

பெருமை ஒரு ராத்திரிகூடத் தாங்கவில்லை.

காலையில் பால் காய்ச்சிக்கொண்டிருக்கும்போது சுருக்கென்று குத்தியது. என் நெஞ்சுக்கு நேரே துப்பாக்கியைப் பிடித்திருக்கிறான் ஒருத்தன். நாலு நாள் என்னை நாய் விரட்டுகிற மாதிரி விரட்டியவன். அவனுக்கு நான் எதற்கு 'ஈக' போட்டேன்? பேப்பரில் 'தீர்கள்' இருந்தது, சரி. ஆனால் இந்த ஊரில் எப்படிச் சொல்வார்கள் என்று கேட்டபோது, சுடாதடா பாவி என்று எனக்கு ஏன் வரவில்லை?

வராது. இங்கே வாயைத் திறந்தாலே அது வந்துவிடும். எங்குட்டுப் போறீக, சாப்பிட்டீகளா, எப்ப வந்தீக. கண்டக்டருக்கும் கறிக்கடைக்காரருக்கும் கொடுக்கிற மரியாதை. அதைத் தூக்கிக் கொலைகாரன் கையிலும் கொடுத்துவிட்டேன், யாரும் கேட்காமலே.

இது முதல் தடவையும் இல்லை.

இதை நான் எங்கேயும் எழுதி வைத்ததில்லை. இன்றைக்கு எழுதிவிடுகிறேன். இரண்டு வருடத்துக்கு முன்னால், நான் வேலை பார்த்த பள்ளிக்கூடத்துக்கு யாரோ பெரிய விருந்தினர் வருகிறார் என்று பிள்ளைகளைப் பதினோரு மணியிலிருந்து வெயிலில் வரிசையாக நிறுத்தினார்கள். ஒன்றரைக்கு ஜனனி மயங்கி விழுந்தாள். என் கோ-கோ அணியின் கேப்டன் அவள், ப்ளஸ் ஒன் படித்தாள். அணிப் பிள்ளைகள் பன்னிரண்டு பேரையும் வரிசையிலிருந்து கூட்டிக்கொண்டு போய் வேப்பமர நிழலில் உட்காரவைத்தேன். விருந்தினர் வந்தபோது அந்த இடம் மட்டும் பல்லுப் போன மாதிரி காலியாக இருந்ததாம்.

திங்கட்கிழமை பிரேயரில் மைக்கைக் கொடுத்து மன்னிப்புக் கேட்கச் சொன்னார் தாளாளர். கேட்டேன். குனிந்து கேட்டேன். "தப்புப் பண்ணிட்டேன்யா. மனசுல வச்சுக்கிறாதீக" என்றேன். பிள்ளைகள் பன்னிரண்டு பேரும் தரையைப் பார்த்தார்கள். மறு வாரம் கோ-கோ கம்பங்களைப் பிடுங்கிவிட்டு அங்கே பஸ் நிறுத்தினார்கள். பரீட்சை முடிந்ததும் வேலையை விட்டேன். அதன் பிறகு அந்தப் பிள்ளைகள் ஒன்றுகூடக் கடைப்பக்கம் வரவில்லை. பேனா வாங்கக்கூட அடுத்த கடைக்குப் போகிறார்கள்.

இப்போது அதே வார்த்தையை, இந்தத் தடவை மண்டி போட்டு, ஊரே பார்க்கிற திரையில் சொல்லப்போகிறேனா? அந்தப் பிள்ளைகளும் பார்ப்பார்கள்.

மாட்டேன். சாகிறேன், அதற்கு ஆட்சேபணை இல்லை. கெஞ்ச மாட்டேன்.

14 பிப்ரவரி

சொல்லிவிட்டேன். அக்ஷயிடம் நேராகவே. மண்டி போட மாட்டேன், அந்த வசனம் வேண்டாம், என்னைச் சும்மா சுட்டுவிடுங்கள் என்றேன்.

அவர் கோபப்படவில்லை. கோபப்பட்டிருந்தால் தேவலை. இரை கெஞ்சினால்தான் வேட்டைக்காரன் பயங்கரமாகத் தெரிவான் என்று பாடம் எடுத்தார். பொன்னழகு பயந்தவள் டீச்சர், நீங்க இல்லை, அவ என்றார். நாலு நாள் நாய்க்கும் துப்பாக்கிக்கும் தப்பித்து முள்ளுக்காட்டில் ஓடினவள் பயந்தவளா? கேட்டேன்.

பதில் சாயங்காலம் மேனேஜர் ஈஸ்வரனிடமிருந்து வந்தது. "ஆறு பேரும் ஒரே செட்டு. ஒருத்தர் முரண்டு பிடிச்சா ஆறு பேரையும் அனுப்பிட்டு மதுரையிலேர்ந்து ஆள் இறக்குவோம். எடுத்த வரைக்கும் தூக்கிப் போட்டுட்டு மறுபடி எடுக்கிறதுக்கு எங்களுக்கு நாலு நாள் போதும்."

இரையை ஒன்றாகக் கட்டி வைப்பது அந்தப் பழைய படத்தில்கூட இல்லை.

15 பிப்ரவரி

ஷூட்டிங் இல்லை. மிஷின் நன்றாக ஓடியது. நான்தான் ஓடவில்லை.

16 பிப்ரவரி, ஞாயிறு

செம்மலையண்ணன் கடைக்கு வந்தார். சட்டையை இஸ்திரி போட்டு வந்திருந்தார், அதிலிருந்தே ஏதோ கேட்க வந்திருக்கிறார் என்று தெரிந்தது. உட்காரச் சொன்னேன், உட்காரவில்லை.

"டீச்சர், நடிப்புத்தானே. நான் இருவதாம் தேதி சாகணும். சொந்தக்காரகளுக்குப் பூராச் சொல்லிட்டேன். என் பொண்ணு மாமியா வீட்டுக்கும் சொல்லிருச்சு. நீங்க கொஞ்சம் பாத்துக்கிட்டீகன்னா..."

மச்சான் டீ வாங்கிக் கொடுத்தார். மனுஷன் வாழ்க்கையில் முதன்முறையாக நாலு பேர் பார்க்கச் சாகப்போகிறார், அதை நான் கெடுக்கவா?

ஆனால் மண்டியும் போட முடியாது. படுத்து யோசித்தேன். மச்சானிடம் கேட்டேன். கோ-கோவில என்ன செய்வ, அதைச் செய் என்று சொல்லிவிட்டுப் போர்வையை இழுத்துக்கொண்டார். தெரிந்து சொன்னாரா, தூக்கத்தில் சொன்னாரா தெரியவில்லை.

கோ-கோவில் என்ன செய்வேன்? கெட்டிக்கார ஓட்டக்காரியைக் கடைசியில் இறக்குவேன்.

17 பிப்ரவரி

அக்ஷயிடம் போய், "சரி" என்றேன். அவ்வளவுதான் சொன்னேன். அவர் என் கையைப் பிடித்து ஆட்டினார்.

பிறகு சௌபர்ணிகாவிடம் பேச்சுவாக்கில் ஒன்று சொன்னேன். அட்டவணைப்படி நான் சாவது மூன்றாவதாக. ஒரு பொம்பளை கடைசி வரை தப்பித்து, எல்லாரும் செத்த பிறகு செத்தால்தானே படத்துக்குக் கனம்? அவள் என்னை ஒரு மாதிரிப் பார்த்தாள். ஆனால் போய்ச் சொன்னாள். மத்தியானச் சாப்பாட்டில் அக்ஷய் எல்லாரையும் கூட்டி, தனக்கு ஒரு யோசனை வந்திருப்பதாகச் சொல்லி இதையே சொன்னார். எல்லாரும் கை தட்டினார்கள். நானும் தட்டினேன்.

20 பிப்ரவரி

செம்மலையண்ணன் செத்தார். மூன்று டேக். சுட்டதும் விழ வேண்டும். இவர் விழுந்து, எழுந்து, மரத்தைப் பிடித்து, வானத்தைப் பார்த்து, திரும்ப விழுந்தார். சீக்கிரம் சாகச் சொல்லி அக்ஷய் கும்பிட்டார். சொந்தக்காரர்கள் வேனில் வந்திருந்தார்கள்.

22 பிப்ரவரி

மற்ற ஐந்து பேரும் செத்து முடித்தாயிற்று, இனி அவர்களைத் திருப்பி அனுப்ப முடியாது. நான் ஒருத்திதான் பாக்கி.

25 பிப்ரவரி

இன்று என் சாவு.

காய்ந்த கண்மாய்க்குள் ஓட வேண்டும். கரையேறும்போது சத்தியமூர்த்தி சார் எதிரே நிற்பார். நான் மண்டியிட்டு வசனம் சொல்வேன், அவர் சுடுவார். ஷூட்டிங் காலையிலிருந்தே தள்ளிப்போய்க்கொண்டே இருந்தது. சாயங்காலம் ஐந்தரைக்குத்தான் கேமரா தயார். வெளிச்சம் அரை மணி நேரம். அது முடிந்ததும் அவர் மதுரைக்குப் போய் விமானம் பிடிக்க வேண்டும், இன்றோடு அவர் கால்ஷீட் முடிகிறது.

ஓடினேன். முழு வேகத்தில் ஓடினேன், மெதுவாக ஓடுங்கள் என்று யாரும் சொல்லவில்லை. கரையேறினேன். துப்பாக்கி. வெற்றுத் துப்பாக்கிதான், சத்தம் மட்டும் வரும். தெரியும். ஆனாலும் அந்தக் குழாய் நேராக என்னைத்தான் பார்த்தது.

முட்டி வளையவில்லை என்று பிறகு சொல்லிக்கொள்ளலாம் என்றுதான் நினைத்திருந்தேன். பொய் எதற்கு. வளைக்கவில்லை. நின்றேன். துண்டை இறுக்கினேன். அவர் கண்ணைப் பார்த்து, "சுடு" என்றேன். வாயை மூடிக்கொண்டேன்.

அவர் சுடவில்லை. ஒரு பத்து எண்ணுகிற நேரம் அப்படியே நின்றார். அக்ஷய் 'கட்' என்று கத்தினார்.

இரண்டாம் டேக். 'சுடு.' இந்தத் தடவை சுட்டார், விழுந்தேன். மூன்றாம் டேக் ஆரம்பிக்கும்போது சூரியன் கருவேலத்துக்குப் பின்னால் போய்விட்டது. அக்ஷய் தொப்பியைக் கழற்றித் தரையில் அடித்தார். என்னை ஏமாத்திட்டீங்க டீச்சர் என்றார்.

"சரின்னு சொன்னேன். கெஞ்சுறேன்னு சொல்லலையே" என்றேன். எங்கள் ஆட்டத்தில் இதற்குப் பாவ்லா என்று பேர். வலப்பக்கம் போகிற மாதிரி தோளைக் காட்டிவிட்டு இடப்பக்கம் போவது. அவரைப் பார்க்கப் பாவமாகத்தான் இருந்தது. பாவமாக இருந்தது என்பதற்காக நான் செய்தது தப்பு என்று எழுத மாட்டேன்.

காரில் ஏறப்போன சத்தியமூர்த்தி சார் திரும்பி வந்தார். "முதல் தடவை கை வரலைம்மா. நீ கெஞ்சியிருந்தா பட்டுனு அமுக்கியிருப்பேன்" என்றார். பிறகு, நல்லா ஓடுற, விட்டுறாத என்று சொல்லிவிட்டுப் போனார்.

26 பிப்ரவரி

காலில் மூன்று முள். மச்சான் ஊசியால் எடுத்தார். நோன்புக்கு இன்னும் நாலு நாள். வீடு கழுவ வேண்டும்.

19 ஆகஸ்ட்

சௌபர்ணிகா போன். ஆறு மாதம் கழித்து. அந்தக் காட்சியைப் படத்தில் வைத்துத்தான் ஆக வேண்டுமாம், திரும்ப எடுக்க வழியில்லை. நான் நிற்பதுவரை பரவாயில்லை. ஆனால் வசனத்தை மட்டும் டப்பிங்கில் மாற்றிவிடலாம் என்கிறார் அக்ஷய். சென்னைக்கு வர முடியுமா?

என்ன வசனமாக மாற்றுவீர்கள் என்று கேட்டேன். "நீங்க சொல்லிக் கொடுத்ததுதான் டீச்சர்."

வரவில்லை என்றேன். அப்படியென்றால் வேறு ஒரு அம்மாவை வைத்துப் பேசவைப்பார்கள் என்றாள். அவள் குரலில் வருத்தம் இருந்தது. என் வாயை நான் பார்த்துக்கொண்டேன், அவர்கள் குரலை அவர்கள் பார்த்துக்கொள்ளட்டும் என்று போனை வைத்தேன்.

வைத்த பிறகு அழுதேன். தோற்றுத்தான் போனேனோ? யார் வாயில் வந்தால் என்ன, ஊர் கேட்கப்போவது 'சுட்டுராதீக'தானே.

14 நவம்பர் 2025, வெள்ளி

படம் வந்துவிட்டது. ஜும்ஆ முடிந்து மச்சான் வந்ததும் இரண்டரை மணிக் காட்சிக்குப் போனோம். எனக்குப் போக மனமில்லை. செம்மலையண்ணன்தான் விடவில்லை, அவர் வீட்டாளுக மட்டும் இரண்டு வரிசை.

அவர் சாவை இரண்டு விநாடியாக வெட்டிவிட்டார்கள். ஆனாலும் விசில் கூரையைப் பிய்த்தது.

பிறகு நான். கண்மாய், கரை, துப்பாக்கி. என் முகம் திரை அளவுக்கு வந்தது, எனக்கே அடையாளம் தெரியவில்லை. வாய் திறந்து மூடியது. குரல் வந்தது. "ஐயா, சுட்டுராதீக..." யாரோ ஒரு அம்மா, அழுகிற குரல். 'சு' சரியாகப் பொருந்தியது. மிச்சம் எல்லாம் என் வாய் மூடிய பிறகு வந்தது. இழுத்து இழுத்து அந்த அம்மா கெஞ்சுகிறாள், திரையில் நான் பல்லைக் கடித்துக்கொண்டு முறைத்துக்கொண்டு நிற்கிறேன்.

தியேட்டர் சிரித்துவிட்டது. வாயை மூடிக்கிட்டே பேசுது பாரு என்று ஒரு ஆள். நான் முக்காட்டை இழுத்து முகத்தை மூடினேன். எழுந்து போய்விடலாம் என்று மச்சானின் கையைப் பிடித்தேன்.

அப்போது முன் வரிசையில் ஒரு பெண் குரல். "அது கெஞ்சலைடி. வாயைப் பாரு. சுடுங்குது."

சிரிப்பு நின்றது. எனக்கு அந்தக் குரல் தெரியும். மைதானத்தின் ஒரு கோடியிலிருந்து மறு கோடிக்கு 'கோ' கொடுத்த குரல். ஜனனி.

திரையில் துப்பாக்கி வெடித்தது. நான் விழுந்தேன். ஐயோ என்று ஒருத்தரும் சொல்லவில்லை. இருட்டுக்குள்ளிருந்து இன்னொருத்தி, "எந்திரிங்க டீச்சர்" என்றாள்.

நான் இருட்டிலேயே உட்கார்ந்து அழுதேன். மச்சான் தோளில் அடித்து அடித்து அழுதேன்.

16 நவம்பர், ஞாயிறு

ஜனனி கடைக்கு வந்தாள். காலேஜ் இரண்டாம் வருடம், உயரம் கூடியிருக்கிறாள். ஆதார் கார்டை நீட்டி ஒரு நகல் என்றாள். எடுத்துக் கொடுத்தேன். போகாமல் நின்றாள்.

"அன்னைக்குப் பிரேயர்ல ஏன் டீச்சர் மன்னிப்புக் கேட்டீக? எங்க மேல தப்பில்லைல?"

இரண்டரை வருடத்துக்கு மேலாக இந்தக் கேள்விக்கு எத்தனையோ பதில் தயாரித்து வைத்திருந்தேன். கடன், வேலை, உங்கள் பரீட்சை... அதையெல்லாம் தள்ளிவைத்தேன்.

"பயந்துட்டேன்டி" என்றேன்.

அவள் தலையை ஆட்டினாள். அதுதான் வேண்டியிருந்தது போல. எங்களுக்கு உங்க மூஞ்சியைப் பார்க்கக் கஷ்டமா இருந்துச்சு, அதான் வரலை என்றாள். அவர்கள் என்னை வெறுத்தார்கள் என்றல்லவா நான் நினைத்துக்கொண்டிருந்தேன். பிறகு கோட்டையூர் போகிற வழியில் ஒரு பொட்டல் சும்மா கிடக்கிறது, கம்பம் மட்டும்தான் இல்லை என்றாள். ஆதார் நகலை மேசையிலேயே விட்டுவிட்டுப் போனாள்.

24 நவம்பர்

காலை ஐந்தே முக்கால். ராத்திரி பெய்த மழையில் பொட்டல் ஈரம். செம்மலையண்ணன் தென்னங்கழி இரண்டைச் சீவிக் கம்பமாக நட்டுக் கொடுத்துவிட்டு, எப்படிச் சாவது என்று பிள்ளைகளுக்கு ஒருமுறை செய்து காட்டினார். பதினோரு பேர் வந்தார்கள். என்னோடு பன்னிரண்டு. பக்கத்துக்கு ஆறு பேராகப் பிரிந்தோம்.

முதல் ஒன்பது நிமிடம் என் பக்கம் விரட்டியது. விசில் அடித்தோம், பக்கம் மாறினோம். இப்போது ஜனனி விரட்ட, நான் ஓட வேண்டும். வலப்பக்கம் தோளைக் காட்டினேன். அவளுக்கு இதைச் சொல்லிக் கொடுத்ததே நான்தான், ஏமாறுவாளா? இடப்பக்கம் வந்து முதுகில் தொட்டுவிட்டாள்.

"அவுட்டாயிட்டீக டீச்சர்" என்றாள்.

போய்க் கோட்டுக்கு வெளியே உட்கார்ந்தேன். மூச்சு வாங்கியது.